இந்த வருசத்துக் குருத்தோலை

ஓரா மீனுக்குப் புளி கனக்க விடக்கூடாது, பிள்ளை. விட்டால் மீன்ரை ருசி போயிடும். உங்கடை வயசுப் பெட்டையளுக்குச் சொன்னால் ஏறாது, எல்லாத்துக்கும் புளியை அள்ளி ஊத்துறியள். உந்தக் கதிரை ஆடும், இஞ்சாலை வந்து வாங்கிலை இரு. வயித்துப்பிள்ளைக்காரி நிண்டுகொண்டு கதைக்கக்கூடாது. முதல் தேத்தண்ணியைக் குடி.

போனை நீட்டிக்கொண்டு நிக்காதை. எனக்குக் கண்ணிலை ஒரு குறையும் இல்லை, படம் வடிவாத் தெரியுது. உன்ரை லோயர் கோட்டிலை கேட்டு எடுத்த படம். துவக்கு, அதின்ரை ரவைக்கூடு, பொலித்தீன், என்ரை பிள்ளையின்ரை பழைய வலை. வலைக்குள்ளை இருந்த குருத்தோலைச் சிலுவை. நீ கேட்டதுக்கு மறுமொழி ஓம். அந்தச் சிலுவை நான் பின்னினது. குருத்து ஞாயிறுக்கு இந்த ஒழுங்கை முழுக்க நான்தானே பின்னிக் குடுக்கிறனான், தலைப்பக்கம் ஒரு சின்னப் பூ வைச்சு. வேறை ஒருத்தருக்கும் அந்தப் பூ வராது, உனக்கும் காட்டித் தந்தனான், உன்ரை விரலுக்கு வரேல்லை.

நீ கெட்டிக்காரி, பிரியந்தினி. மிதப்புக்கட்டையின்ரை நீலப் பெயின்ரைப் பாத்து இது எமிலின்ரை வலை எண்டு பிடிச்சிட்டாய். பேந்து சிலுவையைப் பாத்திருக்கிறாய், ஓலை இன்னும் பழுப்பேறேல்லை. போன வருசத்துக் குருத்தோலையளை விபூதிப் புதனுக்குச் சாம்பலாக்கக் கோயில்லை குடுத்திடுவம். அப்ப எந்த வீட்டிலை எந்தச் சிலுவை கிடந்தாலும் அது இந்த வருசத்தது. கடலுக்குப் போய் ரெண்டு வருசமாத் திரும்பி வராதவன்ரை வலைக்குள்ளை இந்த வருசத்துச் சிலுவை எப்பிடி வந்தது? அதைக் கேக்கத்தானே இந்த வெய்யிலுக்குள்ளை நடந்து வந்தனீ. சொல்லுறன். ஒண்டும் ஒளிக்காமல் சொல்லுறன். அழாமல் கேக்கவேணும், அழுதியோ நான் நிப்பாட்டிப்போடுவன்.

உன்ரை புருசன் இந்தக் குசினியிலை வளந்தவன் எண்டு உனக்குத் தெரியும். தாய் இல்லாத பெடியன் எண்டு நான் அவனை வேறையாப் பாக்கேல்லை. எமிலுக்கு ஒரு முட்டை பொரிச்சால் சிமியோனுக்கும் ஒண்டு. ரெண்டு பேரும் ஒரே நாளிலை புதுநன்மை வாங்கினவங்கள், கிறிஸ்துநாயகம் சம்மாட்டியின்ரை போட்டிலை ஒண்டாத் தொழிலுக்கு ஏறினவங்கள். ஆரும் வந்து கேட்டால் எனக்கு ரெண்டு பெடியள் எண்டுதான் சொல்லுவன். என்ரை மனுசன் சந்தியோகு சிரிப்பார், ‘ஒண்டைப் பெத்து ரெண்டு கணக்குக் காட்டுறாள்’ எண்டு.

வாடைக்காத்து தொடங்கின நேரம். போட் கவிண்டது. விடியப் பக்கத்துப் போட்டுக்காரர் ஒருத்தனைத்தான் தூக்கிக்கொண்டு வந்தவை. வெறும் மண்ணெண்ணெய்க் கானைக் கட்டிப் பிடிச்சபடி சிமியோன். எங்கை மற்றவன் எண்டு கரையே கத்துது, நான் கத்தேல்லை. அவன்ரை முகத்தைப் பாத்தன், எனக்கு விளங்கியிட்டுது. எமில் களைச்சுப்போய்த் தானாக் கைவிட்டிட்டான் எண்டு சொன்னான். கடவுள் சித்தம் எண்டு சனம் சொல்லிச்சுது. சுவாமியும் பிரசங்கத்திலை அதைத்தான் சொன்னவர். நானும் தலையாட்டினன்.

என்ரை பிள்ளைக்கு ஒரு குழி இல்லைப் பிள்ளை. ஆத்துமாக்கள் திருநாளுக்கு ஊரே சேமக்காலையிலை மெழுகுதிரி கொளுத்தும். நான் கடற்கரையிலை கொண்டுபோய்க் கொளுத்துவன், காத்து நூத்துப்போடும். திரும்பக் கொளுத்துவன், திரும்ப நூத்துப்போடும். நீயும் ஒருக்கா எனக்குப் பக்கத்திலை நிண்டு கையாலை காத்து மறைச்சனீ. நல்ல பிள்ளை நீ, இதிலை உன்னை நான் ஒண்டும் குறை சொல்லேல்லை.

முப்பத்தோராம் நாள் பூசை முடிஞ்சு எல்லாரும் சாப்பிட்டுப் போட்டினம். சிமியோன் மட்டும் போகேல்லை. நீ இப்ப இருக்கிற அதே வாங்கிலை இருந்தவன். இதை அவன் உனக்குச் சொல்லியிருக்கமாட்டான், இல்லையே? நான் சொல்லுறன். அந்தக் கான் ரெண்டு பேரைத் தாங்கேல்லை. தாழுது, ஏறுது, தாழுது. எமிலின்ரை கை இவன்ரை கைக்கு மேலை இருந்தது. ‘அலை அடிச்சு விடுபட்டதோ, நான் தட்டிவிட்டனானோ, எனக்கு இண்டைக்கும் தெரியாது மாமி’ எண்டான். என்ரை காலைப் பிடிச்சுக்கொண்டு குழறினான். பேந்து அவன் சாப்பிட்ட கோப்பையைக் கழுவேக்கை நான் யோசிச்சன். அலை அடிக்கிறது எல்லாருக்கும் ஒரு மாதிரி. அலைக்கு விரல் இல்லை. ஒரு விரலுக்கு மேலை இருக்கிற இன்னொரு விரலைப் பாத்துக் கழட்ட அலையாலை ஏலாது.

அவனுக்கு நான் என்ன சொன்னனான் எண்டு கேளன். ‘சரி தம்பி, எழும்பு, சோறு ஆறுது’ எண்டன். வேறை என்னத்தைச் சொல்லுறது? ஏசினால் ஒரு நாளோடை போயிடும். ஏச்சு வாங்கினவன் பாரம் இறங்கி நித்திரை கொள்ளுவான். என்ரை பிள்ளையை விட்டிட்டு வந்தவனுக்கு ஏன் பிள்ளை அப்பிடி ஒரு நித்திரையை நான் குடுக்கவேணும்? பதறாத காரியம் சிதறாது எண்டு எங்கடை அப்பு சொல்லுவார்.

அதுக்குப் பிறகு ஒவ்வொரு நாளும் காலமை என்ரை படலையிலை ஒரு சொப்பிங் பையிலை மீன் தொங்கும். தனக்கில்லாட்டிலும் எனக்கு. உனக்குத் தெரியும், நீயும் ஒருக்காக் கொஞ்சம் முகம் கோணினனீ. நான் அதைப் பிழையெண்டு சொல்லேல்லை, புதுசாக் கட்டினவளுக்குக் கோவம் வரும்தான். அவன் எனக்கு ஓரா விருப்பம் எண்டு தெரிஞ்சு ஓரா தேடிக் கொண்டுவருவான். ஒரு மீனையும் நான் எறியேல்லை. எல்லாத்தையும் உரிச்சு, வெட்டி, காய்ச்சித் திண்டனான். என்ரை பிள்ளையைத் திண்ட கடலின்ரை மீன். ஒவ்வொரு வாய்க்கும் அவனை நினைச்சுக்கொண்டுதான் விழுங்கினனான். ஊர் சொல்லிச்சுது, மார்கிரட்டக்கா மாதிரி மன்னிக்க ஒருத்தராலும் ஏலாது எண்டு. உன்ரை கலியாணத்துக்கு அவன்ரை தாய் ஸ்தானத்திலை நிண்டதும் நான்தானே.

துவக்குக்கு வாறன். அது எமிலின்ரையும் இல்லை, சிமியோன்ரையும் இல்லை. சண்டை முடிஞ்சு கொஞ்சக் காலத்திலை என்ரை மனுசன் கண்டல் காட்டுப் பக்கம் வலை இழுக்கேக்கை ஒரு பொட்டலம் மாட்டினது. கிறீஸ் பூசி, பொலித்தீனிலை சுத்திக் கட்டினது. ஆர் கட்டினது, ஆர் போட்டது, அந்தக் கதை எங்களுக்கு ஏன்? மனுசன் பொலிசிட்டைக் கொண்டுபோய்க் குடுப்பம் எண்டார். நான்தான் விடேல்லை. ஒண்டைக் குடுத்தால் மற்றது எங்கை எண்டு கேப்பாங்கள். வைச்சிருந்தாலும் மறியல் வீடு, குடுத்தாலும் கரைச்சல். கோழிக்கூட்டைத் தூக்கி, கீழை கிடங்கு வெட்டித் தாட்டார். அண்டையிலை இருந்து அந்தக் கோழியள் கத்தினாலே மனுசன் எழும்பிப் படலையைப் போய்ப் பாப்பார். சாகக் கிடக்கேக்கை என்ரை கையைப் பிடிச்சு, ‘அதைக் கடலிலை போட்டிடு மார்கிரட்’ எண்டார். ஓம் எண்டு சொன்னனான். சாகிறவருக்கு இல்லை எண்டு சொல்லேலுமே? ஆனால் போடேல்லை. ஒரு பொருளை எறியிறது கெதியான வேலை, தேவை வரேக்கை தேடுறதுதான் கஷ்டம்.

போன வருசம் கோயில் மண்டபத்திலை சட்ட விளக்கக் கூட்டம் ஒண்டு வைச்சவை, உனக்கு ஞாபகம் இருக்கும். ரவுணிலை இருந்து ஒரு லோயர்ப் பெடியன் வந்தவன். பொம்பிளையள் எல்லாம் காணி, காணி உறுதி எண்டு கேக்கிறாளவை. அவன் பாவம், துவக்குச் சட்டமும் சொல்ல வெளிக்கிட்டான். ஒருத்தியும் கேக்கேல்லை, சிலதுகள் பிஸ்கற் வந்திட்டுதோ எண்டு பாக்குதுகள். நான் முன் வாங்கிலை இருந்து ஒரு சொல்லு விடாமல் கேட்டன். லைசென்ஸ் இல்லாத துவக்கு எதெண்டாலும் குற்றம். காட்டிலை மிருகத்துக்குக் கட்டுற கட்டுத்துவக்கெண்டால் ஒரு மாதிரி, தானாச் சுடுற சாதி எண்டால் ஆயுள் மட்டும் போகலாம். சுடத் தேவையில்லை, ஆரையும் வெருட்டத் தேவையில்லை. தெரிஞ்சுகொண்டு தன்ரை பொறுப்பிலை வைச்சிருந்தாலே காணும். உப்பிடியான வழக்குக்கு நீதவான் பிணை குடுக்கேலாது, மேலை போய்த்தான் கேக்கவேணும் எண்டும் சொன்னான்.

நான் எழும்பி ஒரு கேள்வி கேட்டனான். ‘தம்பி, சாமான் கொட்டிலுக்கை கிடந்தால், கொட்டில் ஆற்றை பேரிலையோ அவரோ குற்றவாளி?’ பெடியனுக்குப் பெரிய சந்தோசம். ‘நல்ல கேள்வி அம்மா. பேரைப் பாக்கிறதில்லை. திறப்பு ஆரிட்டை, ஆற்றை கைக்குள்ளை கிடந்தது, அவருக்கு அது உள்ளுக்கை கிடக்கிறது தெரியுமோ, அதைத்தான் பாப்பினம்’ எண்டான். எல்லாரும் கை தட்டிச்சினம். பிஸ்கற்றும் எனக்குத்தான் முதல் தந்தவை.

அண்டைக்கு வீட்டை வந்து கோழிக்கூட்டுப் பக்கம் கனநேரம் இருந்தன். பின்னையும் நான் அவசரப்படேல்லை. தவசு காலம் வந்தது. தவசிலை ஒருத்தருக்கும் கெடுதல் செய்யக்கூடாது, நான் வெள்ளிக்கிழமையள் ஒருசந்தி பிடிக்கிற ஆள். குருத்து ஞாயிறு வந்தது, ஒழுங்கைக்கெல்லாம் சிலுவை பின்னினன். பெரிய வெள்ளிக்கு ஆண்டவற்றை பாடு கேட்டு அழுதன். உயிர்ப்புத் திருநாள் முடியுமட்டும் பொறுத்துத்தான் கோழிக்கூட்டைத் தூக்கினனான். பகல் வேளை, ஒழுங்கையிலை ஐஸ்பழக்காரன் மணி அடிச்சுக்கொண்டு போறான்.

எமிலின்ரை வலையிலை அதைச் சுத்தினன். வலையின்ரை ஈயக்குண்டுகளை உள்ளுக்கை தள்ளினன், பாரத்துக்கு ஒரு காரணம் வேணுமே. சாக்கிலை போட்டு வாயைத் தைக்க முதல், அலுமாரிக்கு மேலை இருந்த சிலுவையிலை ஒண்டை எடுத்து உள்ளுக்கை செருகினன். ஏன் எண்டு கேக்கிறாய். பழக்கம், பிள்ளை. இந்த வீட்டிலை இருந்து போட்டுக்கோ வாடிக்கோ ஒரு சாமான் போனால் ஒரு குருத்தோலை வைக்காமல் நான் விட்டதில்லை. புது வலைக்கு வைச்சனான், எஞ்சினுக்கு வைச்சனான், எமில் கடைசியாப் போன அண்டைக்கும் சாப்பாட்டுப் பெட்டிக்கை வைச்சனான். என்ரை கைக்கு அது வலைப் பொட்டலம். கை தன்ரை வேலையைச் செய்துபோட்டுது. நான் பிடிபட்டது அந்தக் கையாலைதான்.

சிமியோனைக் கூப்பிட்டன். ‘தம்பி, இது எமிலின்ரை வலையும் சாமானும். வீட்டிலை வைச்சுப் பாத்துக்கொண்டிருக்க என்னாலை ஏலாது. கரையிலை வாடிக் கொட்டிலுக்கை உன்ரை பெட்டியிலை வைச்சுப் பூட்டு. நான் கேக்குமட்டும் அவிழ்க்காதை, ஒருத்தரையும் தொட விடாதை’ எண்டன். அவன் அந்தச் சாக்கைக் கொஞ்சினவன், பிரியந்தினி. குழந்தைப்பிள்ளையைத் தூக்கிற மாதிரி ரெண்டு கையாலையும் நெஞ்சோடை அணைச்சுத் தூக்கிக்கொண்டு போனவன். நான் படலையிலை நிண்டு பாத்தன். அப்ப எனக்கு ஒரு நினைவு வந்தது, அந்த மாதிரி ரெண்டு கையாலையும் என்ரை பிள்ளையைப் பிடிச்சிருக்கலாமே எண்டு. அந்த நினைவு வந்திராட்டில், ஆருக்குத் தெரியும், நான் அவனைத் திருப்பிக் கூப்பிட்டிருப்பன்.

கொஞ்ச நாள் கழிச்சு ரவுணுக்குப் போனன். பஸ் ஸ்ராண்டிலை ஒரு பள்ளிக்கூடப் பெட்டையிட்டை, போன் சார்ஜ் இல்லையம்மா, ஒருக்காத் தாறியோ எண்டு வாங்கிப் பொலிசுக்குக் கதைச்சன். எந்த வாடி, எந்தப் பெட்டி, திறப்பு ஆற்றை அரைஞாணிலை எண்டு சொன்னன். தகவலுக்குச் சன்மானம் தருவம், பேர் சொல்லுங்கோ எண்டாங்கள். அரியண்டம், காசுக்குச் செய்யிற ஆளே நான்? போனைக் குடுத்திட்டு, பழக்கடையிலை கொஞ்சம் தோடம்பழம் வாங்கிக்கொண்டு வந்தன்.

பொலிசு வந்த அண்டு நீ வீட்டிலை இருந்தனீ. நான் கரையிலைதான் நிண்டனான், மீன் வாங்கிற சனத்தோடை. சம்மாட்டி முன்னுக்கு வந்து, இது என்ரை வாடிதான், ஆனால் உந்தப் பெட்டித் திறப்பு சிமியோனிட்டைத்தான் எண்டு கையை விரிச்சிட்டார். கூட்டத்திலை சொன்ன மாதிரியே நடந்தது. பெட்டியைத் திறந்து சாக்கிலை கை வைக்கப் போனாங்கள். சிமியோன் பாஞ்சு குறுக்கை விழுந்தான். ‘அது என்ரை. அதை ஒருத்தரும் தொடவேண்டாம். அதுக்குள்ளை என்ன இருக்கெண்டு எனக்குத் தெரியும்’ எண்டு கத்தினான். அத்தனை சனமும் கேட்டது. பொலிசு எழுதிச்சுது. பேந்து அவிழ்த்தாங்கள்.

துவக்கைக் கண்டவுடனை அவன் என்னைத் திரும்பிப் பாத்தான். கோவமாப் பாக்கேல்லை. எனக்காகப் பயந்து பாத்தான். அந்தப் பார்வையிலை எல்லாம் எனக்கு விளங்கிச்சுது. அவன் அதை எமிலின்ரை துவக்கெண்டு நினைச்சிட்டான். செத்தவன்ரை பேர் கெடப்போகுது, தாய்க்காரியைப் பிடிச்சுக்கொண்டு போகப்போறாங்கள் எண்டு நினைச்சிட்டான். நான் அதை எதிர்பாக்கேல்லைப் பிள்ளை, சத்தியமா. ‘மாமி தந்தவ’ எண்டு சொல்லுவான், நான் ‘ஐயோ, நான் வலைதான் தந்தனான், மிச்சம் எனக்குத் தெரியாது’ எண்டு அழுவன், அவனோ நானோ எண்டு நீதவான் பாக்கட்டும் எண்டு இருந்தனான். அவன் அந்த வேலையையும் எனக்கு வைக்கேல்லை. அண்டையிலை இருந்து இண்டைக்கு மட்டும் அவன்ரை வாயிலை என்ரை பேர் வரேல்லை. எங்காலை வந்ததெண்டு உன்ரை லோயர் கேட்டாலும் வாய் திறக்கிறானில்லை எண்டு நீ அழுதனீ எல்லே? அதுதான் விசயம்.

நான் மறியலுக்குக் கிழமையிலை ஒருக்காப் போறனான், நீ போகாத நாளாப் பாத்து. சோறு கொண்டுபோவன். நல்லா மெலிஞ்சிட்டான். போன முறை கம்பிவலைக்குள்ளாலை விரலை நீட்டினான், நானும் என்ரை விரலை வைச்சன். ‘எமிலின்ரை பேரை நான் கெடவிடன் மாமி, நீங்கள் பயப்பிடாதேங்கோ. உங்களுக்கு இப்ப ஆர் மீன் கொண்டுவாறது?’ எண்டு கேட்டான். எனக்குக் கண் கலங்கிச்சுது. ஓம், கலங்கிச்சுது, நான் கல்லே? ‘அப்பிடியே பிடிச்சிரு தம்பி, இந்த முறை விட்டிடாதை’ எண்டு சொல்லிப்போட்டு வந்தனான்.

உப்பிடிப் பாக்காதை. நீ ஒருக்கா என்ரை இடத்திலை இருந்து யோசி. உன்ரை புருசன் உயிரோடை இருக்கிறான். அவனுக்கு மூண்டு நேரமும் சோறு கிடைக்குது. வாடை அடிச்சாலும் சோளகம் அடிச்சாலும் நீ கரையிலை போய் நிண்டு நெஞ்சிலை அடிக்கத் தேவையில்லை. மறியலுக்கை ஒருத்தரும் தண்ணியிலை தாண்டு போறேல்லை. அவனைப் பாக்கவேணுமெண்டால் பஸ் எடுத்துப் போய்ப் பாக்கலாம். எனக்கு எந்த பஸ் போகுது, சொல்லு பாப்பம்? என்ரை பிள்ளையைக் கடலுக்குக் குடுத்தவனை நான் கடலுக்குக் குடுக்கேல்லை. இதைவிட ஒரு தாய் என்ன செய்யிறது?

என்ன, கோட்டுக்கோ? உன்னோடை வந்து இதெல்லாத்தையும் நீதவானுக்குச் சொல்லவோ? கையை விடு பிள்ளை, வளையல் குத்துது.

வாறன். ஏன் வராமல்? சாட்சிக் கூட்டிலை ஏறி வேதப்புத்தகத்திலை கை வைச்சும் சொல்லுவன். ‘அந்தச் சாக்கை நான் குடுத்தனானோ, அவன் தானா எடுத்தவனோ, எனக்கு இண்டைக்கும் தெரியாது ஐயா’ எண்டு சொல்லுவன். அவன் எனக்குச் சொன்ன மறுமொழி அதுதானே. எனக்குக் காணுமாயிருந்தது கோட்டுக்கும் காணும்.

சிலுவையை வைச்சு நீ கதைக்கலாம். ஒழுங்கை முழுக்க ஒவ்வொரு வீட்டிலையும் நான் பின்னின சிலுவை இருக்கு, உன்ரை வீட்டிலையும் இருந்தது. அதைத்தான் பொலிசும் கோட்டிலை சொல்லும்.

தேத்தண்ணியை அப்பிடியே வைச்சிட்டு எழும்புறாய். இருந்து குடிச்சிட்டுப் போ, வயித்திலை இருக்கிறதுக்கு வேணும். நாளைக்கு நான் மறியலுக்குப் போற நாள், சந்தையிலை நல்ல ஓரா வாங்கி வைச்சிருக்கிறன். சிமியோனுக்கும் என்னைப் போலைதான், புளி கூடினால் பிடிக்காது, சின்னனிலை இருந்தே அப்பிடி. எனக்கு அவனிலை ஒரு கோவமும் இல்லைப் பிள்ளை. என்ரை மற்றப் பெடியன் எல்லே அவன்.